முயல்கள் இருந்த அறை: 'ஈவ்' விளையாட்டின் பொம்மைகள் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

'ஈவ்' என்ற கணினி விளையாட்டில் முதல் தடவை அந்த அறைக்குள் போனபோது எனக்குப் பயமே வரவில்லை. எங்கு பார்த்தாலும் சின்னச் சின்ன முயல்கள். சுவரில் மாட்டியிருந்த பெரிய படத்திலும் முயல்தான். அதற்கு முன் தலையில்லாத சிலைகள் துரத்தியிருந்தன. சட்டத்தோடு சேர்த்துச் சுவரிலிருந்து இறங்கி, பாதி உடம்பால் தரையில் தவழ்ந்து வரும் பெண் ஓவியங்களும் துரத்தியிருந்தன. அதிலிருந்தெல்லாம் தப்பி இங்கே வந்ததும்தான் கொஞ்சம் மூச்சு விட முடிந்தது. விளையாட்டில் துணையாகக் கூட வரும் கேரி மட்டும் நிலைகொள்ளாமல் இருந்தார். இந்த அறையே சரியில்லை, இதில் என்ன அழகு இருக்கிறது என்கிற தோரணையில் பேசினார். பயந்த சுபாவம் போல என்று நினைத்து நகர்ந்துவிட்டேன். அவர் கண்ணுக்கு அங்கே ஒரு முயல்கூடத் தெரியவில்லை என்பது எனக்கு வெகுநேரம் கழித்துத்தான் புரிந்தது.

இந்த ஆய்வுக்கு எடுத்துக்கொண்டது அந்த அறையையும், அதை ஒட்டி வரும் ஒரு பொம்மையையும்தான். ஆனால் அதைப் பேச வேண்டுமென்றால் கதையின் முடிவுவரை போயாக வேண்டும். இன்னும் ஆடாதவர்கள் முதலில் ஆடிவிட்டு வந்து படிப்பது நல்லது. நீளமான விளையாட்டு இல்லை, ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் போதும்.

விவரங்களை முதலில் சொல்லிவிடுகிறேன். 'ஈவ்' 2012 பிப்ரவரியில் ஜப்பானில் இலவசமாக வெளிவந்தது. ரோமன் எழுத்தில் ஐ, பி என்று இரண்டே எழுத்துதான் தலைப்பு; ஜப்பானியர்கள் அதை ஈவ் என்று வாசிக்கிறார்கள். கோரி என்ற புனைபெயரில் இயங்கும் ஒருவருடைய படைப்பு. நிறுவனம், முதலீடு, பெரிய குழு எதுவும் கிடையாது. கருவி ஆர்பிஜி மேக்கர் 2000. அப்போதே அது பழைய மென்பொருள். திரை மொத்தமும் 320-க்கு 240 புள்ளிகள், தரை 16-க்கு 16 புள்ளிக் கட்டங்கள். வாளும் மந்திரமும் கொண்ட சாகசக் கதைகளைச் செய்ய வந்த கருவி என்றாலும், அந்த வகைக் கருவிகளில் திகில் செய்யும் பழக்கம் ஜப்பானில் முன்பே இருந்தது. 1996-இல் 'கார்ப்ஸ் பார்ட்டி', 2004-இல் 'யுமே நிக்கி' என்று ஒரு வரிசையே உண்டு. 'ஈவ்' வந்த அதே 2012-இன் கடைசியில் வந்த 'மேட் ஃபாதர்' விளையாட்டிலும் பொம்மைகள்தான் மையம். ஆனால் அதில் ரத்தம் அதிகம். 'ஈவ்' விளையாட்டில் ரத்தத்தைத் தேடத்தான் வேண்டும்.

கதை ஓர் ஓவியக் கண்காட்சியில் தொடங்குகிறது. ஈவ் ஒன்பது வயதுச் சிறுமி. கெர்டேனா என்ற ஓவியரின் படைப்புகளைப் பார்க்க அப்பா அம்மாவோடு வருகிறாள். கெர்டேனா கற்பனை மனிதர், நிஜ உலகில் தேட வேண்டாம். பெற்றோர் வரவேற்பு மேசையில் நிற்க, இவள் மட்டும் முன்னால் போய்விடுகிறாள். மாடியில் சுவரை அடைத்துக்கொண்டு ஒரு பெரிய ஓவியம். அதன் தலைப்பைப் படிக்கப் பார்த்தால் ஒரு சொல்லின் இடத்தில் வெறும் கேள்விக்குறிகள்.

இந்தக் கேள்விக்குறிகளில் கொஞ்சம் நின்று போக வேண்டும். முதலில் இதை ஏதோ மர்மம் என்றுதான் நினைத்தேன். மர்மம் ஒன்றுமில்லை. ஒன்பது வயதுப் பிள்ளைக்குக் கஷ்டமான கான்ஜி எழுத்துகளை, அதாவது ஜப்பானிய மொழியில் புழங்கும் சீன எழுத்துகளை, வாசிக்க வராது, அவ்வளவுதான். விளையாட்டு நெடுக இப்படித்தான். சுவரில் எழுதியிருப்பதோ புத்தகத்தில் இருப்பதோ அவளுக்குத் தெரியாத சொல்லாக இருந்தால் நமக்கும் தெரியாது. பிறகு கேரி வந்து சேர்ந்ததும், பெரியவர் என்பதால் அவர் படித்துப் பொருள் சொல்கிறார். ஆக, திரையில் வருவது அங்கே இருப்பது அல்ல, ஈவுக்கு எட்டியது மட்டும்தான் என்பதை இந்த விளையாட்டு ஆரம்பத்திலேயே நம்மிடம் சொல்லிவிட்டது. எழுத்துக்குச் சரி என்று ஏற்றுக்கொண்டோம். பொருள்களுக்கும் அதே விதி பொருந்தும் என்று யோசிக்கத் தவறிவிட்டோம். முயல் அறையின் வெற்றி முழுக்க இந்தத் தவறின்மேல் நிற்கிறது.

விளக்குகள் மினுங்குகின்றன, ஆட்கள் காணாமல் போகிறார்கள். கீழே வா ஈவ், ரகசிய இடம் ஒன்றைக் காட்டுகிறேன் என்று எழுத்து தோன்றுகிறது. தரையில் விரித்திருக்கும் ஆழ்கடல் ஓவியத்துக்குள் அவள் இறங்குகிறாள். அங்கே ஒரு சிவப்பு ரோஜா கிடைக்கிறது. அதுதான் அவள் உயிர். அடிபட்டால் இதழ் உதிரும், ஐந்தும் உதிர்ந்தால் கதை முடிந்தது. ஜாடித் தண்ணீரில் வைத்தால் மறுபடி மலரும். கேரியிடம் பத்து இதழ் கொண்ட நீல ரோஜா. ஓவியத்துப் பெண் ஒருத்தி அவருடைய பூவைப் பறித்துக்கொண்டு போய் இதழ் இதழாகப் பிய்த்துக்கொண்டிருக்க, சுருண்டு கிடந்தவரை ஈவ்தான் காப்பாற்றுகிறாள். கிழிந்த கோட்டு, பெண்கள் பேசும் பாணியில் ஜப்பானிய மொழி, சின்னச் சத்தத்துக்கும் திடுக்கிடும் மனசு. ஈவ் மயங்கி விழுந்து எழும்போது அவர் கோட்டு அவள்மேல் போர்த்தியிருக்கும். பையிலிருந்து ஒரு மிட்டாயை எடுத்துக் கொடுப்பார். திகில் விளையாட்டில் இவ்வளவு பரிவான ஆளைப் பார்ப்பது அரிது. அவர்மேல் நமக்கு வரும் பாசம்தான் பின்னால் கோரிக்குக் கைகொடுக்கிறது.

இனி பொம்மை.

நடுவழியில் முட்செடி போல ஒன்று தரையிலிருந்து எழுந்து கேரியை ஒரு பக்கமும், ஈவையும் இடையில் வந்து சேர்ந்த மேரி என்ற சிறுமியையும் மறுபக்கமும் பிரித்துவிடுகிறது. அதிலிருந்து நாம் மாறி மாறி ஆடுகிறோம், கொஞ்ச நேரம் ஈவாக, கொஞ்ச நேரம் கேரியாக. முதல் முறையாகக் கேரியின் கண் நம் கைக்கு வருகிறது. அந்தக் கண்ணால் பார்த்தால் முயல் இருந்த இடத்திலெல்லாம் நீல உடம்பும் சிவந்த பெரிய கண்களும் கொண்ட பொம்மைகள். சுவர்ப் படத்திலும் அதே பொம்மை. இசை வெடிக்கவில்லை, யாரும் கத்தவில்லை. படம் மட்டும் மாறியிருக்கிறது. கேரியும் எதையும் கண்டு அதிர்ச்சி அடைவதில்லை, ஏனென்றால் அவருக்கு இது புதிதல்ல. அவர் முதலிலிருந்தே இதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அதிர்ச்சி நமக்கு மட்டும்தான். அதுவும் பின்னோக்கிப் போகிற அதிர்ச்சி. ஆறுதலாக மூச்சு விட்டேனே, அது இத்தனை கண்களுக்கு நடுவில் நின்றா?

தொழில்நுட்பமாகப் பார்த்தால் இது மிக எளிய வேலை. ஆர்பிஜி மேக்கரில் ஒவ்வொரு பொருளும் ஒரு நிகழ்வு. ஒவ்வொரு நிகழ்வுக்கும் பல பக்கங்கள் வைக்கலாம். ஒரு ஸ்விட்ச் போட்டால் முதல் பக்கத்துப் படம் போய் இரண்டாம் பக்கத்துப் படம் வரும். கதவு திறப்பதும் பெட்டி காலியாவதும் இந்த வழியில்தான். அப்படிப்பட்ட சாதாரண வசதியை வைத்து, யார் பார்க்கிறார்கள் என்பதை மாற்றிக் காட்ட முடியும் என்று ஒருவருக்குத் தோன்றியதே, அதைத்தான் நான் வியக்கிறேன்.

அதன் பிறகு ஒரு பொம்மை கேரியின் பின்னால் வர ஆரம்பிக்கிறது. பின்னால் வருகிறது என்றால் நடந்து வருவதாக நாம் பார்ப்பதில்லை. தாழ்வாரத்தில் ஓரமாக உட்கார்ந்திருக்கும். கடந்து போவோம். அடுத்த இடத்துக்குப் போனால் அங்கேயும் உட்கார்ந்திருக்கும். பக்கத்துச் சுவரில் எழுத்து: வணக்கம் கேரி, நான் எப்போதும் தனியாகவே இருக்கிறேன், வருத்தமாக இருக்கிறது, என்னையும் கூட்டிக்கொண்டு போயேன் என்கிற பொருளில். இன்னும் கொஞ்சம் போனால் கதவுக்கு நேர் முன்னால் வழியை மறித்துக்கொண்டு இருக்கும். அப்போது விளையாட்டு நம்மிடம் கேட்கிறது: உதைத்துத் தள்ளுவதா, மெல்ல ஒதுக்கி வைப்பதா?

நான் உதைத்தேன். யோசிக்கவே இல்லை. கேரியின் பதற்றம் அப்படியே என் விரலுக்கு வந்துவிட்டது.

இந்தப் பகுதியைத்தான் மொத்த விளையாட்டிலும் சிறந்த திகில் என்று சொல்வேன். பல விளையாட்டுகளில் பொம்மை என்றால் சட்டென்று முகத்துக்கு முன்னால் பாயும். இங்கே அது பாயவே இல்லை. கேட்கிறது. கேட்பதும் நியாயமான ஒன்றைத்தான்: தனியாக இருக்கிறேன், கூட்டிப் போ. குழந்தை ஒன்று இதையே கேட்டிருந்தால் நெஞ்சு உருகியிருக்கும். பொம்மை கேட்பதால் உதைக்கத் தோன்றுகிறது. பயம் ஒரு பக்கம், நாம் செய்தது சரிதானா என்ற சின்ன உறுத்தல் ஒரு பக்கம். இரண்டும் சேர்ந்தால்தான் ஆளைத் தூங்கவிடாது.

அடுத்து வரும் காட்சி எனக்கு அந்த அளவுக்கு ஒட்டவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். பொம்மைகள் நிறைந்த அறை ஒன்றில் கேரி மாட்டிக்கொள்கிறார். கதவு பூட்டிக்கொள்கிறது. சாவி ஏதோ ஒரு பொம்மைக்குள் இருக்கிறது. ஒவ்வொன்றாகத் தேட வேண்டும். தேடத் தேட, சுவரில் இருக்கும் படத்திலிருந்து பெரிய பொம்மை ஒன்று கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வந்துகொண்டிருக்கும். பதைபதைப்பு உண்டு, ஆனால் அது நேரம் ஓடும் எந்தப் புதிரிலும் வரும் பதைபதைப்புதான். தோற்றால் நடப்பதுதான் கனமானது. இதழ் உதிராது, சாவும் இல்லை. கேரியின் மனம் உடைந்துவிடுகிறது. ஈவும் மேரியும் வந்து பார்க்கும்போது அவர் பொம்மைகளோடு சந்தோஷமாகப் பேசிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அதுவரை அவரோடு எவ்வளவு நெருங்கிப் பழகியிருக்கிறோம் என்பதைப் பொறுத்து, கன்னத்தில் அறைந்து அவரை மீட்க ஒரு வாய்ப்பு கிடைக்கும். மீளவில்லை என்றால் அவரை அங்கேயே விட்டுவிட்டு வர வேண்டியதுதான். கோட்டைக் கழற்றிப் போர்த்திய மனிதரை.

பொம்மை ஏன் பயமுறுத்துகிறது என்ற கேள்விக்கு நூறு வருடத்துக்கு மேலாகப் பதில் தேடியிருக்கிறார்கள். ஜெர்மானிய மனநல மருத்துவர் எர்ன்ஸ்ட் யென்ச் 1906-இல் ஒரு காரணம் சொன்னார்: உயிருள்ளது போல் தெரிவது உண்மையில் உயிருள்ளதுதானா என்று தீர்மானிக்க முடியாத ஐயமே அந்த அமானுஷ்ய உணர்வைத் தருகிறது. ஜப்பானிய ரோபோ ஆய்வாளர் மசாஹிரோ மோரி 1970-இல் ஒரு வரைபடம் போட்டுக் காட்டினார். ஒரு பொருள் மனிதனைப் போல ஆக ஆக நமக்குப் பிடித்துக்கொண்டே போகும், கிட்டத்தட்ட மனிதனாகிவிட்ட இடத்தில் மட்டும் சட்டென்று பள்ளத்தில் விழும் என்பது அவர் கருத்து. செயற்கைக் கை அந்தப் பள்ளத்தில் இருக்கிறது. ஜப்பானியப் பாரம்பரியப் பொம்மலாட்டமான புன்ராகுவின் பொம்மையையோ அவர் பள்ளத்தைத் தாண்டி மேலே வைத்தார். அரங்கில் தள்ளி உட்கார்ந்து பார்க்கும்போது அது வெறும் பொம்மை என்ற எண்ணம் மறைந்துபோகிறது என்றார்.

'ஈவ்' பொம்மைக்கு மோரியின் பள்ளம் பொருந்தாது. சில புள்ளிகளால் ஆன, உருண்டைத் தலை கொண்ட அந்த உருவத்தை யாரும் மனிதன் என்று மயங்கமாட்டார்கள். யென்ச் சொன்ன ஐயம் நன்றாகவே பொருந்துகிறது, முக்கியமாகத் தாழ்வாரத்தில். அசைவதை நாம் காணாததால் ஐயம் தீர்வதே இல்லை. ஆனால் அதற்கும் மேலே ஒன்று இருக்கிறது. யென்ச் பேசியது பார்க்கப்படும் பொருளைப் பற்றி. கோரி கைவைத்தது பார்க்கும் கண்ணில். பொம்மைக்கு உயிர் உண்டா என்பது கிடக்கட்டும், எதிரில் இருப்பது முதலில் பொம்மைதானா என்பதே இங்கே உறுதியில்லை.

ஜப்பானிய மொழியில் பொம்மைக்கு நிங்யோ என்று பெயர். எழுத்துக்கு எழுத்துப் பிரித்தால் மனித வடிவம் என்று பொருள் வரும். வேண்டாத பொம்மையைக் குப்பையில் போட மனம் வராமல் கோயிலில் ஒப்படைத்துச் சடங்கு செய்யும் வழக்கம் அங்கே இன்றும் உண்டு. வாகாயாமா மாவட்டத்தில் காடா என்ற ஊரிலுள்ள அவாஷிமா கோயிலில் அப்படி வந்து சேர்ந்த பொம்மைகள் ஆயிரக்கணக்கில் வரிசை வரிசையாக நிற்கின்றன. மார்ச் 3-ஆம் தேதி படகில் ஏற்றிக் கடலில் விடுவார்கள். ஹொக்கைடோவின் மன்னென்ஜி கோயிலில் ஓகிகு என்ற பொம்மைக்குத் தலைமுடி வளர்கிறது என்று ஒரு கதையும் உண்டு. கைவிடப்பட்ட பொம்மைக்கு மனக்குறை இருக்கும் என்ற எண்ணம் ஊறிய மண்ணில், தனியாக இருக்கிறேன் என்று ஒரு பொம்மை சுவரில் எழுதினால் அதன் எடையே வேறு. நம்முடைய 'பொம்மை' என்ற சொல்லில் காரும் யானையும்கூட அடங்கிவிடும். 'பாவை' என்ற பழைய சொல்தான் இதற்கு நெருங்கி வருகிறது. அது பொம்மையையும் குறிக்கும், இளம்பெண்ணையும் குறிக்கும், கண்ணின் கருமணியையும் குறிக்கும். இந்த விளையாட்டுக்குத் தமிழில் ஒரு சொல் தேடினால் இதைவிடப் பொருத்தமாக எனக்கு வேறு கிடைக்கவில்லை.

ஏனென்றால் இந்த மூன்றும் சேரும் இடம் மேரி.

பச்சை உடை, பொன்னிற முடி, மஞ்சள் ரோஜா. துறுதுறுவென்று பேசுகிறவள். ஈவோடு உடனே ஒட்டிக்கொள்கிறாள். கேரிதான் ஒரு புத்தகத்தில் படித்துக் கண்டுபிடிக்கிறார்: மேரி கெர்டேனாவின் கடைசி ஓவியம். அவள் மனுஷியே அல்ல, அவளுடைய ரோஜாவும் செயற்கைப் பூ. வெளி உலகத்துக்குப் போக வேண்டும் என்பது அவளுடைய ஒரே ஆசை. அதற்கு வெளியிலிருந்து வந்த ஒருவர் அவளுடைய இடத்தில் தங்க வேண்டும். ஈவைத் தன்னோடு கூட்டிப்போக முடிவு செய்துவிட்டாள், ஆகவே தங்க வேண்டியவர் கேரி.

பொம்மைகளைப் பற்றி மூன்று பார்வைகள் இப்போது கையில் இருக்கின்றன. ஈவுக்கு அவை முயல்கள். கேரிக்கு அவை அருவருப்பு. மேரிக்கு அவை கூடப் பிறந்தவை மாதிரி, அவள் அவற்றோடுதான் வளர்ந்தாள். க்ரேயானால் வரைந்த ஒரு வீடு அவளுக்கு அங்கே இருக்கிறது. வீடு, பூ, வானம் எல்லாம் குழந்தைக் கையால் கிறுக்கியது. பக்கத்தில் ஒரு பொம்மைப் பெட்டி. எட்டிப் பார்க்கும்போது உள்ளே விழுந்தால், துரத்திய சிலைகளும் ஓவியத்துப் பெண்களும் நீலப் பொம்மைகளும் விளையாட்டுச் சாமான்கள்போல இறைந்து கிடக்கும். இத்தனை நேரம் நமக்கு எமனாக இருந்தவை ஒரு சிறுமியின் விளையாட்டுத் துணைகள்.

இரண்டாவது முறை ஆடியபோதுதான் எனக்குப் பொறி தட்டியது. தாழ்வாரத்துப் பொம்மை கேட்டதும் மேரி கேட்பதும் ஒன்றுதான். தனியாக இருக்கிறேன், கூட்டிக்கொண்டு போங்கள். பொம்மையை நாம் உதைத்துவிட்டோம், ஏனென்றால் அது பார்க்கக் கோரமாக இருந்தது. மேரி அழகாக இருக்கிறாள், பேசுகிறாள், கூடவே நடக்கிறாள். அவளுக்கும் நாம் சொல்லப் போகும் பதில் வேறல்ல. கடைசியில் அவள் அறையில், யாரும் இல்லாத அந்த ஓவியச் சட்டத்துக்கு முன்னால், கையில் ஓவியர்கள் வண்ணம் குழைக்கும் தட்டுக்கத்தியோடு மேரி ஓடி வர, கேரியின் லைட்டரால் நாம் ஓவியத்தைக் கொளுத்துகிறோம். உதைப்பதா ஒதுக்குவதா என்ற தேர்வுகூட இந்த முறை கிடையாது. அவள் எரிந்து போவதைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். பொம்மைக் காட்சி வெறும் திகிலுக்காகச் செருகப்பட்டது என்று எழுதுகிறவர்களோடு நான் ஒத்துப்போகாதது இதனால்தான். இந்த நெருப்புக்கு ஒத்திகை அந்தத் தாழ்வாரத்திலேயே நடந்துவிட்டது.

மேரி வெளியே வரும் முடிவும் ஒன்று இருக்கிறது. அப்பா, அம்மா, ஈவ், மேரி என்று நான்கு பேரும் ஒரே குடும்பமாகக் கண்காட்சியை விட்டுப் போவார்கள். ஈவுக்குக் கேரியின் நினைவே இருக்காது. அவர் ஓவியமாகி உள்ளே தங்கிவிட்டார். வெளியே வந்த மேரி பேயாக மாறுவதில்லை, சாதாரணத் தங்கச்சியாகத்தான் இருக்கிறாள். விளையாட்டு அவளுக்கு எதிராக ஒரு சொல்கூடச் சொல்லவில்லை. நல்ல முடிவில் ஈவும் கேரியும் வெளியே எதேச்சையாகச் சந்திக்கிறார்கள். காயத்துக்குக் கட்ட அவள் கொடுத்த கைக்குட்டை அவருடைய பையில் இருக்கிறது. அதைப் பார்த்ததும் எல்லாம் நினைவுக்கு வருகிறது. எனக்கு ரொம்பப் பிடித்த முடிவு அது. ஆனாலும் அதைப் பார்க்கும்போது எரிந்த ஓவியம் மனசில் வந்து போகாமல் இருப்பதில்லை.

2022-இல் கோரி இதைப் புதுப்பித்து வெளியிட்டார். படங்களையெல்லாம் திருத்தி வரைந்திருக்கிறார். கூட வருகிறவர்களோடு வழியில் பேச்சுக் கொடுக்கும் வசதியும் சேர்ந்திருக்கிறது. அடுத்த ஆண்டு நின்டெண்டோ ஸ்விட்ச் என்ற விளையாட்டுக் கருவிக்கும் வந்தது. புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு அதையே சொல்வேன். ஆனால் பொம்மைக்கு மட்டும் பழையதுதான் எனக்கு. புதியதில் அதன் முகம் தெளிவாக இருக்கிறது. பழையதில் இரண்டு சிவப்புப் புள்ளிகள்தான் கண், மீதியை நாமேதான் நிரப்பிக்கொள்ள வேண்டும். ஒவ்வொருவரும் தனக்குப் பயமானதைத்தான் நிரப்புவார்கள்.

போன மாதம் மறுபடியும் ஆடினேன். முயல் அறைக்குள் கேரியோடு நுழைந்ததும் அவரைக் காக்க வைக்காமல் வேலையை முடித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். அவர் அங்கே எதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார் என்று இப்போது தெரியுமே. பிறகு அந்தத் தாழ்வாரம், அந்தக் கதவு, முன்னால் அது. உதைக்கவில்லை. மெல்லத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு உள்ளே போனேன். அப்புறமும் அது எனக்கு முன்னால் போய் உட்கார்ந்திருந்தது.